"செல்டிக் நாட்" உண்மையில யாரோடது? இன்சுலர் ஆர்ட் பத்தி ஒரு எளிய விளக்கம்

"செல்டிக் நாட்"னு தேடிப் பாருங்க, நகை விக்கிற சைட்டுங்க வரிசையா வந்து நிக்கும், ஒவ்வொண்ணும் ஒரு கதை சொல்லும். மூவாயிரம் வருஷத்துக்கு முன்னாடி ட்ரூயிட் பூசாரிங்க வரைஞ்சதாம், ஆரம்பமும் இல்ல முடிவும் இல்லாத ஒரே கோடாம், இந்த முடிச்சு காதலுக்காம், அந்த முடிச்சு வீரத்துக்காம். கேக்க நல்லாதான் இருக்கு, ஆனா இதுல பெரும்பாலும் சரி இல்ல.

அந்தப் பின்னல் டிசைன் செழிச்சது கிபி 7ஆம் நூற்றாண்டுல இருந்து 9ஆம் நூற்றாண்டு வரைக்கும், அயர்லாந்து, ஸ்காட்லாந்து, வட இங்கிலாந்து பக்கம், கிறிஸ்தவ மடத்துச் சாமியாருங்க கையிலயும் ராஜாவுக்கு நகை செஞ்ச கொல்லருங்க கையிலயும். அது மூணு சரக்கு சேர்ந்த கலவை, தலைப்புல சொன்ன இன்சுலர் ஆர்ட்ங்குறது இந்தக் கலவையோட பேர்தான். அந்த மூணுல ஒண்ணுதான் பழைய செல்ட்டுகள்கிட்ட இருந்து வந்தது, அது முடிச்சு இல்ல, சுருள். மத்த ரெண்டும் எங்க இருந்து வந்துச்சு, எப்படிக் கலந்துச்சு, இதெல்லாம் நமக்கு எப்படித் தெரியும்னுதான் இங்க பாக்கப் போறோம்.

மொதல்ல, செல்ட்டுனா யாரு?

கிமு காலத்துல கிரேக்கர்கள் ஆல்ப்ஸ் மலைக்கு வடக்கயும் மேற்கயும் இருந்த சில கூட்டங்கள "கெல்டோய்"னு எழுதி வெச்சாங்க. அயர்லாந்துக்காரங்களயோ பிரிட்டன்காரங்களயோ அந்தக் காலத்துல யாரும் அப்படிக் கூப்பிடல, அவங்களும் தங்கள அப்படிச் சொல்லிக்கல. ரொம்ப பின்னாடி, 1707ல, எட்வர்ட் லூயிட்னு ஒரு வேல்ஸ்காரர், ஆக்ஸ்ஃபோர்டு அஷ்மோலியன் மியூசியத்தப் பாத்துக்கிட்டவர், ஐரிஷ், வெல்ஷ், கார்னிஷ், பிரெட்டன் மொழியெல்லாம் ஒண்ணுக்கொண்ணு சொந்தம்னு வார்த்தைகள அடுக்கிக் காட்டுனார், பழைய பிரான்ஸ்ல பேசுன காலிஷ் மொழியோடயும் சேத்து வெச்சார். "செல்டிக்"ங்குற பேர் இந்தத் தீவுங்க மேல ஒட்டிக்கிட்டது அதுக்கப்பறம்தான்.

அதனால "இடைக்காலத் தொடக்கத்து செல்டிக் மக்கள்"னு ஆராய்ச்சிக்காரங்க சொன்னா, சுமார் கிபி 400ல இருந்து 1000 வரைக்கும் அந்த மொழிங்க பேசுன ஜனங்கனு எடுத்துக்கோங்க: ஐரிஷ்காரங்க, மேற்கு ஸ்காட்லாந்துல இருந்த டால் ரியாடா ராஜ்ஜியத்துக்காரங்க, வடக்க பிக்டுங்க, வேல்ஸ், கார்ன்வால், பிரிட்டனி ஜனங்க. இது மொழிய வெச்சுக் கட்டுன பேர். ஒரே ரத்தம், ஒரே மதம், ஒரே கலைனு இதுல இருந்து எதுவும் வராது.

சுருள்: இதுதான் பழைய சொத்து

சுவிட்சர்லாந்துல நொயஷாட்டல் ஏரிக்கரையில லா டேன்னு ஒரு இடம். 1857ல ஏரித் தண்ணி இறங்குனப்ப அங்க வாளும் ஈட்டியுமா குவியலா கெடைச்சுது. அந்த இடத்துப் பேரையே கிமு 5ஆம் நூற்றாண்டுல இருந்து ஐரோப்பாவுல பரவுன ஒரு கலை பாணிக்கு வெச்சுட்டாங்க. லா டேன் பாணினா வளைவு, சுருள், ட்ரம்பெட் வாய் மாதிரி விரியுற கோடு, உத்துப் பாத்தா முகம் தெரியுறதா இல்லையானு குழப்புற வடிவம். பட்டை பட்டையா பின்னுற முடிச்சு அதுல முக்கியமான ஐட்டமே இல்ல.

இந்தப் பாணி கண்டத்துல ரோமானியங்க வந்ததும் கரைஞ்சு போச்சு. அயர்லாந்த ரோம் புடிக்கவே இல்ல, அதனால அங்க சுருள் தொடர்ந்து உயிரோட இருந்துச்சு. பிரிட்டன்லயும் சிவப்பு எனாமல் போட்ட ப்ரூச்சுலயும் (துணியில குத்திக்கிற ஊசி நகை) தொங்குற வெண்கலக் கிண்ணத்துலயும் தாக்குப் புடிச்சுது. கிபி 600 வாக்குல எழுதுன காஹக்னு ஒரு ஐரிஷ் சங்கீதப் புத்தகம் (பைபிள்ல வர்ற சங்கீதப் பாட்டுங்க) இருக்கு, மகான் கொலம்பா கையால எழுதுனதுனு ஐதீகம். அதுல அலங்காரம் ஒவ்வொரு சங்கீதத்தோட முதல் எழுத்துல மட்டும்தான்: எழுத்து லேசா சுருண்டுக்கும், சுத்தி ஆரஞ்சுப் புள்ளி வெச்சிருப்பாங்க. முழுப் பக்கப் பின்னல்னு ஒண்ணு கூட கிடையாது. அப்ப கிபி 600லயே இந்த ஆளுங்ககிட்ட நம்ம இன்னைக்கு "செல்டிக்"னு சொல்ற அந்தப் பெரிய முடிச்சு வேலை இன்னும் வரல.

மிருகமும் பட்டையும் வெளிய இருந்து வந்துச்சு

ரெண்டாவது சரக்கு மிருகம். ஆங்கிலோ-சாக்ஸன், ஃபிராங்க், ஸ்காண்டிநேவியானு ஜெர்மானிய மொழி பேசுன கூட்டங்களோட நகையில, நீளமா ரிப்பன் மாதிரி உடம்பு இழுத்த மிருகங்க ஒண்ண ஒண்ணு கடிச்சுக்கிட்டு சிக்கிக் கெடக்கும். மூணாவது சரக்கு வெறும் பட்டைப் பின்னல். இது மத்தியதரைக்கடல் பக்கத்து விஷயம், ரோமானிய மொசைக் தரை ஓரத்துல பாக்கலாம், இத்தாலியில பாக்கலாம், எகிப்துக் கிறிஸ்தவங்களோட வேலையில பாக்கலாம்.

இதுல சுருளும் மிருகமும் தனித்தனியா இருந்த நிலைய ஒரே குழியில பாக்கணும்னா சட்டன் ஹூ இருக்கு. கிழக்கு இங்கிலாந்துல 1939ல தோண்டுன, 7ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்துக் கப்பல் கல்லறை, உள்ள படுத்திருந்தவர், அப்ப இங்கிலாந்துல குடியேறியிருந்த ஆங்கிலோ-சாக்ஸன் கூட்டத்துப் பெரிய மனுஷன். அவர் பக்கத்துல வெச்ச தங்க பக்கிள் பூரா பின்னிக்கிட்ட மிருகங்க. அதே கல்லறையில ஒரு தொங்கு கிண்ணம், அதுல எனாமல் வட்டத்துக்குள்ள அச்சு அசல் செல்டிக் சுருள். ரெண்டும் ஒரே கல்லறையில இருக்கு, ஆனா ஒரே பொருள்ல இல்ல. இத மனசுல வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

இதுவரைக்கும் சுருக்கமா: சுருள் லா டேன்ல இருந்து, சிக்கிக்கிட்ட மிருகம் ஜெர்மானியப் பக்கத்துல இருந்து, பட்டைப் பின்னல் மத்தியதரைக்கடல் பக்கத்துல இருந்து. மூணும் 7ஆம் நூற்றாண்டுலதான் ஒரே கையில வந்து சேருது.

பின்னல் எப்படி வேலை செய்யுது?

சிக்குக் கோலம் போடத் தெரிஞ்சவங்களுக்கு இதுல பாதி ஏற்கனவே தெரியும். புள்ளி வெப்பீங்க, கம்பி புள்ளியச் சுத்தி வளைஞ்சு ஓரம் வரைக்கும் போய்த் திரும்பி கடைசியில கெளம்புன இடத்துக்கே வந்து சேரும். இவங்க வேலைக்கும் அடியில ஒரு புள்ளிக் கட்டம்தான் இருக்கு. (ரெண்டுக்கும் வரலாற்றுல எந்தத் தொடர்பும் இல்ல, கணக்கு ஒண்ணா இருக்கு, அவ்வளவுதான். யாராவது இத வெச்சு வாட்ஸ்அப் ஃபார்வர்ட் ரெடி பண்ணிடாதீங்க.)

வித்தியாசம் எங்கனா, இங்க கம்பிக்குப் பதிலா அகலமான பட்டை, ஒண்ண ஒண்ணு வெட்டுற எடத்துல ஒரு தடவ மேல போனா அடுத்த தடவ கீழ போகணும், மாறி மாறி. இது எங்கயாவது கணக்கு தப்பி ரெண்டு தடவ மேல வந்துடுமோனு தோணும், வராது, மூடுன கோடுங்க எப்படி வெட்டிக்கிட்டாலும் மேல-கீழ ஒத்துப்போயிடும்ங்குறது கணிதத்துல நிரூபிச்ச விஷயம்.

முதல்ல கட்டம் பூரா சாய்வா பட்டை ஓடுற ஒரு சாதாரணப் பின்னல் போடுவாங்க. அது பாக்க ஒரே மாதிரியா, சப்புனு இருக்கும். இப்ப ஏதோ ஒரு வெட்டுற புள்ளிய எடுத்துக்கிட்டு அங்க ரெண்டு பட்டையையும் அறுத்து, மேல இருந்து வந்தது மேலயே திரும்புற மாதிரியும் கீழ இருந்து வந்தது கீழயே திரும்புற மாதிரியும் ஒட்டிடணும். அதுக்குப் பேர் உடைப்பு. ஒரு உடைப்பு போட்டதும் அந்த இடத்துல ஒரு காலி இடம் தெரியும், சுத்தி இருக்குற பட்டைங்க ஒரு முடிச்சா திரளும். எங்கெங்க உடைக்கிறோம்ங்குறதுதான் மொத்த டிசைனும். ஸ்காட்லாந்துக் கல்லு சிற்பங்கள ஒண்ணு விடாம ஆராய்ஞ்ச ராமிலி ஆலன்தான் 1903 வாக்குல இத தெளிவா பிரிச்சு வெச்சுக் காட்டுனவர்.

அப்ப "முடிவே இல்லாத ஒரே கோடு"? சில டிசைன்ல இருக்கும், பலதுல இருக்காது. உடைப்பு எதுவும் போடாத சாதாரணப் பின்னல்ல, கட்டத்தோட நீளத்துக்கும் அகலத்துக்கும் மீப்பெரு பொதுக் காரணி எவ்வளவோ அத்தனை தனித்தனி வளையம் வரும். 3க்கு 4 கட்டம்னா ஒரே வளையம், 4க்கு 6னா ரெண்டு வளையம். முடிவிலி, ஆன்மானு நகைக்கடைக்காரங்க சொல்றது வேற டிபார்ட்மென்ட்.

மூணும் எங்க கலந்துச்சு?

இதுக்கு ஒரு அரசியல் காரணம் இருக்கு. 563ல, காஹக் பத்திச் சொன்னப்ப வந்த அதே ஐரிஷ் துறவி கொலம்பா மேற்கு ஸ்காட்லாந்துல அயோனா தீவுல ஒரு மடம் கட்டுனார். அந்தப் பக்கம் ஆண்டது டால் ரியாடா ராஜாங்க. வட இங்கிலாந்துல இருந்த நார்தம்ப்ரியா ராஜ்ஜியத்தோட ஆங்கிலோ-சாக்ஸன் இளவரசன் ஆஸ்வால்ட் சின்ன வயசுல ஊர விட்டுத் தப்பி வந்து இவங்ககிட்ட வளந்தவன். அவன் திரும்பிப் போய் 634 வாக்குல ராஜா ஆனதும், எனக்கு ஒரு பிஷப் அனுப்புங்கனு அயோனாவுக்கு ஆள் விட்டான், அங்க இருந்து அய்டன் போனார், 635ல லிண்டிஸ்ஃபார்ன் மடம் வந்துச்சு. இங்கிலீஷ் மண்ணுல ஐரிஷ் மடம், உள்ள ரெண்டு மொழிக்காரங்களும். ரோம்ல இருந்து புத்தகம் வருது, சாக்ஸன் நகை பக்கத்துலயே கெடைக்குது, சுருள் ஐரிஷ் சாமியாருங்க கையிலயே இருக்கு.

இப்படி அயர்லாந்து, பிரிட்டன் ரெண்டு தீவுலயும் சேர்ந்து வளந்த கலவைப் பாணிக்கு ஆராய்ச்சியாளர்கள் வெச்ச பேர்தான் இன்சுலர் ஆர்ட், தீவுக் கலைனு வெச்சுக்கலாம். "செல்டிக் ஆர்ட்"னு சொன்னா சாக்ஸன்காரங்க பங்கு காணாம போயிடும், "ஆங்கிலோ-சாக்ஸன்"னு சொன்னா ஐரிஷ்காரங்க சண்டைக்கு வருவாங்க, அதனால இந்த நடுநிலைப் பேர். எனக்கு இது கொஞ்சம் உயிரில்லாத பேராதான் படுது, ஆனா பொய் சொல்லாத பேர்.

குப்பைதான் சாட்சி

சரி, இந்தக் கலவை உண்மையிலயே அந்த ஊருங்கள்ல நடந்துச்சுனு எப்படிச் சொல்றது? பளபளனு மியூசியத்துல இருக்குற நகைங்க இதுக்கு அவ்வளவா உதவாது. ஆர்டா சாலிஸ்ங்குற அருமையான வெள்ளிக் கிண்ணம், 350க்கும் மேல துண்டு சேத்துச் செஞ்சது, 1868ல உருளைக்கிழங்கு தோண்டுனப்ப வந்துச்சு. டெரினாஃப்லான் புதையல் 1980ல ஒரு அப்பாவும் பையனும் மெட்டல் டிடெக்டர் வெச்சு எடுத்தது (அது யாருக்குச் சொந்தம்னு சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போய், அதோட தொடர்ச்சியா 1994ல அயர்லாந்துல புதையல் எல்லாம் அரசுக்குச் சொந்தம்னு சட்டமே வந்துச்சு). இதெல்லாம் ஒளிச்சு வெச்ச இடத்துல கெடைச்சது, செஞ்ச இடம் எதுனு அந்தப் பொருள் சொல்லாது.

செஞ்ச இடத்தச் சொல்றது ஒடைஞ்சு போன களிமண் அச்சு. ப்ரூச் வார்க்குறதுக்கு ஒரு மாடலக் களிமண்ணுல ரெண்டு பக்கமும் அழுத்தி அச்சு எடுப்பாங்க, உருக்குன உலோகத்த ஊத்துவாங்க, ஆறுனதும் அச்ச ஒடைச்சுப் பொருள எடுத்துட்டு மண்ண அங்கயே தூக்கிப் போட்டுருவாங்க. நகை ஊர் ஊராப் போகும், அச்சு எங்கயும் போகாது. டால் ரியாடாவோட பெரிய கோட்டை டுனாட், மேற்கு ஸ்காட்லாந்துல சதுப்பு நிலத்துக்கு நடுவுல ஒரு பாறைக் குன்று. அங்க தோண்டுனப்ப இந்த மாதிரி அச்சுத் துண்டுங்க நிறைய வந்துச்சு. 7ஆம் நூற்றாண்டு சரக்கு, பெனானுலர் ப்ரூச் வார்த்த அச்சுங்க. பெனானுலர்னா முழு வட்டமா இல்லாம ஒரு எடத்துல இடைவெளி விட்ட வளையம், அந்த இடைவெளி வழியா ஊசியக் கொண்டு போய்த் துணியில குத்தி வளையத்தத் திருப்பி மாட்டிக்குவாங்க. வடிவம் செல்டிக் பக்கத்து வடிவம், ஆனா சில அச்சுல இருக்குறது சாக்ஸன் பாணிப் பறவைத் தலை. ஒரு செல்டிக் ராஜாவோட குன்று மேல, சாக்ஸன் டிசைன், அங்கயே வார்த்தது. கலவை நடந்த பட்டறை இதுதான்.

அதே குன்றுல பிரான்ஸ் பக்கத்துப் பானை ஓடும் கெடைச்சுது, ஓர்பிமென்ட்னு சொல்ற மஞ்சள் கனிமத்துல ஒரு துண்டும் கெடைச்சுது. அது மத்தியதரைக்கடல் பக்கத்துச் சரக்கு, புத்தகத்துல தங்கம் மாதிரி மின்னுற மஞ்சள் அதுலதான் வரும். ஏதோ உலகத்துக்கு ஒதுங்கி மூடுபனிக்குள்ள உக்காந்திருந்த ஜனங்கனு சினிமாவுல காட்டுவாங்களே, அந்தப் படத்த மறந்துடுங்க. கார்ன்வால்ல டின்டாஜெல் பாறை மேல 5, 6ஆம் நூற்றாண்டு மத்தியதரைக்கடல் ஜாடி ஓடுங்க குவிஞ்சு கெடந்துச்சு, வட அயர்லாந்துல நென்ட்ரம் மடத்துக்காரங்க கடல் ஏத்த இறக்கத்த வெச்சு ஓடுற மில் கட்டிருந்தாங்க, அதுல போட்ட மரத்தோட வருட வளையத்த எண்ணிப் பாத்தா 619னு தேதி வருது.

அயர்லாந்துல லகோர்னு ஒரு கிரானாக். கிரானாக்னா ஏரிக்குள்ள மரம், கல்லு, மண்ணு கொட்டி மனுஷன் உண்டாக்குன குட்டித் தீவு, ராஜாங்க, வசதியானவங்க அதுல குடியிருப்பாங்க. 1930கள்ல அங்க தோண்டுன ஹார்வர்டு குழுவுக்குக் கெடைச்சதுல எனக்கு ரொம்பப் புடிச்சது மோட்டிஃப் பீஸ்: சாப்பிட்டுப் போட்ட மாட்டு எலும்பு மேல யாரோ சின்னச் சின்னப் பின்னல் செதுக்கிப் பழகுனது, சிலது அழகா முடிஞ்சிருக்கும், சிலது பாதியில விட்டிருக்கும்.

பிக்டுங்க பத்தி ரெண்டு வார்த்தை. அவங்க கல்லுல செதுக்குன அர்த்தம் புரியாத சின்னங்களாலதான் பிரபலம், "மர்ம ஜாதி"னு எழுதி எழுதியே மர்மமாக்கிட்டாங்க. ஆனா வடக்கு ஸ்காட்லாந்துல போர்ட்மஹோமாக்ல 1994ல இருந்து 2007 வரைக்கும் மார்ட்டின் கார்வர் குழு தோண்டுனப்ப வந்தது ஒரு முழு பிக்டிஷ் மடம், அதுல கன்னுக்குட்டித் தோலப் பதப்படுத்திப் புத்தகத்துக்குத் தாள் பண்ற பட்டறை. கிபி 800 வாக்குல எரிஞ்சு போயிருக்கு.

இதுவரைக்கும் சுருக்கமா: அச்சு, எலும்பு, சாயக் கட்டி, பானை ஓடு. கலவை நடந்த இடமும் காலமும் இந்தக் குப்பையில இருந்துதான் தெரியுது.

ஒரே கல்லறை, ஒரே புத்தகம், ஒரே பக்கம்

இப்ப சட்டன் ஹூவுக்குத் திரும்பலாம். அங்க சுருளும் மிருகமும் ஒரே கல்லறையில, வேற வேற பொருள்ல. அடுத்த படி புக் ஆஃப் டரோ, 7ஆம் நூற்றாண்டுப் பிற்பாதியச் சேர்ந்த நற்செய்திப் புத்தகம், எங்க எழுதுனதுனு அறிஞருங்க இன்னும் அடிச்சுக்கிறாங்க. அதுல கார்பெட் பேஜ்னு சொல்ற, எழுத்து பெருசா எதுவும் இல்லாத முழு அலங்காரப் பக்கங்க இருக்கு. ஒரு பக்கம் பூரா சுருள்தான். இன்னொரு பக்கத்துல கடிச்சுக்கிட்டுப் போற சாக்ஸன் பாணி மிருகங்க. மூணு சரக்கும் ஒரே புத்தகத்துக்குள்ள வந்தாச்சு, ஆனா சுருளும் மிருகமும் இன்னும் பெரும்பாலும் வேற வேற பக்கத்துல.

அதுக்கப்பறம் 700ஐ ஒட்டி லிண்டிஸ்ஃபார்ன் நற்செய்தி நூல். எழுதுனது அங்க பிஷப்பா இருந்த ஈட்ஃப்ரித்னு 10ஆம் நூற்றாண்டுல எழுதிச் சேத்த குறிப்பு சொல்லுது, அவர் ஒரு ஆங்கிலேயர். அதுல ஒரே பக்கத்துக்குள்ள மூணும் பூந்து விளையாடுது. தாளோட பின்பக்கத்துல காம்பஸ் குத்துன ஓட்டை, கட்டம் போட்ட கோடு எல்லாம் இன்னைக்கும் தெரியும், அதனால "ஏதோ தியானத்துல கை தானா போச்சு"ங்குற கதை எல்லாம் எடுபடாது, இது ஸ்கேல் வெச்சுப் பண்ண வேலை. அந்த நீலம் ஆப்கானிஸ்தான்ல இருந்து வந்த லாபிஸ் லசுலினு முன்னாடி ரொம்ப நாள் எழுதிட்டிருந்தாங்க, லேசர் வெச்சு ஆராய்ஞ்சு பாத்ததுல அது செடியில எடுக்குற நீலச் சாயம்னு வந்துடுச்சு.

800 வாக்குல புக் ஆஃப் கெல்ஸ், மிச்சம் இருக்குறதே 340 தாள். அதுல 34ஆவது தாளோட முன்பக்கத்துல கிறிஸ்துங்குற பேரோட முதல் ரெண்டு கிரேக்க எழுத்தான கை, ரோ பக்கம் பூரா நிறைஞ்சு நிக்கும். அந்த எழுத்துக்குள்ள சுருள், சுருளுக்குள்ள பின்னல், பின்னலுக்குள்ள மனுஷத் தலை, கீழ ஓரமா ரெண்டு பூனை, எலிங்க, ஒரு நீர்நாய் மீனப் புடிச்சுக்கிட்டு. அயோனா மேல வைக்கிங்குங்க 795ல இருந்து திரும்பத் திரும்பப் பாய்ஞ்சாங்க, 806ல 68 பேரக் கொன்னாங்க, மறுவருஷம் சாமியாருங்க அயர்லாந்துல கெல்ஸ்ல புது மடம் கட்ட ஆரம்பிச்சாங்க. புத்தகம் எந்த மடத்துல ஆரம்பிச்சு எதுல நின்னுச்சுனு பேச்சு வர்றது இதனாலதான்.

அப்ப அர்த்தம்?

அர்த்தமே இல்லனு சொல்லல. கை-ரோவுக்கு அர்த்தம் இருக்கு, கார்பெட் பேஜுக்குள்ள ஒளிஞ்சிருக்குற சிலுவைக்கு அர்த்தம் இருக்கு. ஆனா இந்த முடிச்சுனா காதல், அந்த முடிச்சுனா வலிமைனு ஒரு லிஸ்ட் அந்தக் காலத்து எழுத்து எதுலயும் இல்ல. 12ஆம் நூற்றாண்டுல ஜெரால்ட் ஆஃப் வேல்ஸ் கில்டேர்ல இப்படி ஒரு புத்தகத்தப் பாத்துட்டு, மேலோட்டமாப் பாத்தா கிறுக்கல், உத்துப் பாத்தா தேவதூதன் வேலைனுதான் சொல்லிட தோணும்ங்குற மாதிரி எழுதினார், அவரே எந்த முடிச்சுக்கும் பொருள் சொல்லல. மூவிதழ் முடிச்சு கூட செல்டிக்காரங்களுக்கு மட்டும் சொந்தம் இல்ல, ஸ்காண்டிநேவியப் பொருள்லயும் இருக்கு. ட்ரூயிட் விஷயம் இன்னும் மோசம்: இந்த வேலையில உச்சம்னு சொல்ற பொருளெல்லாம் நற்செய்திப் புத்தகம், திருப்பலிக் கிண்ணம், கல் சிலுவை.

பேர் வெச்சது ஒரு நகைக்கடை

இந்தக் குழப்பத்துல பெரும்பங்கு 19ஆம் நூற்றாண்டோடது. 1850ல அயர்லாந்துல பெட்டிஸ்டவுன் கடற்கரைப் பக்கம் 8ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்து ப்ரூச் ஒண்ணு கெடைச்சுது. டப்ளின் நகை வியாபாரி ஜார்ஜ் வாட்டர்ஹவுஸ் அத வாங்கி, பழைய ஐரிஷ் மகாராஜாக்களோட குன்றான டாராவோட பேர வெச்சு "டாரா ப்ரூச்"னு காப்பி அடிச்சு வித்தார். டாராவுக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்ல. 1851 லண்டன் மகா கண்காட்சியில அது போய் நின்னுச்சு, விக்டோரியா ராணியே இந்த மாதிரிக் காப்பி வாங்கிட்டாங்க, அதுக்கப்பறம் "பழைய செல்டிக்" ஸ்டைல்ல நகை, கல்லறைச் சிலுவை, டீ செட்னு கெளம்பிடுச்சு. கட்டம் போட்டு முடிச்சு வரையுற முறைய 1951ல எல்லாருக்கும் புரியுற மாதிரி புத்தகமாப் போட்டது ஜார்ஜ் பெய்ன்னு ஒரு ஸ்காட்லாந்து ஸ்கூல் டிராயிங் மாஸ்டர்.

நமக்கு ஒரு சின்ன சுவாரசியம்: டாரா ப்ரூச்சோட தொங்குற வெள்ளிக் கம்பிச் சங்கிலி பின்னுன வகைக்கு ஆங்கிலத் தொல்லியல் எழுத்துல பேர் "ட்ரிச்சினாபலி". நம்ம திருச்சி ஆசாரிங்க பண்ண சங்கிலி பிரிட்டிஷ்காரங்க நடுவுல அவ்வளவு பிரபலமா இருந்ததால ஒட்டிக்கிட்ட பேர், திருச்சியில இருந்து யாரும் அங்க போகல.

டப்ளின் பக்கம் போற வாய்ப்பு கெடைச்சா கில்டேர் ஸ்ட்ரீட் தேசிய மியூசியத்துக்கு டிக்கெட் கிடையாது, டாரா, ஆர்டா, டெரினாஃப்லான் மூணும் அங்கதான். கெல்ஸுக்கு டிரினிட்டி காலேஜ்ல காசு கட்டணும், வீட்டுல இருந்தே அவங்க சைட்டுல மொத்தப் புத்தகத்தையும் ஃப்ரீயா ஸூம் பண்ணிப் பாக்கலாம். டாரா ப்ரூச் முன்னாடி நிக்கும்போது முன்பக்கத்தோட நிறுத்திடாதீங்க, அங்க தங்கக் கம்பியில மிருகங்க இருக்கும், போட்டோவுல எல்லாரும் எடுக்குறது அதான். பின்பக்கம், துணியோட ஒட்டி யாரு கண்ணுக்கும் படாம இருக்குற பக்கத்துல, லா டேன் வழி வந்த சுருளு அப்படியே இருக்கு.